அறிந்து பேசுவோம்: அல்பீரூனி காட்டிய வழி

குமரி மாவட்டம் மண்டைக்காட்டில் ஆண்டுதோறும் மாசிக் கொடை விழா நடைபெறுகிறது. அங்குள்ள பகவதி கோயிலில் வணங்கப்படுவது சுமார் 15 அடி உயரமுள்ள ஒரு புற்று. பெண்கள் இருமுடி சுமந்து வந்து, கடலில் நீராடி வழிபடுவதால் அதனைப் ‘பெண்களின் சபரிமலை’ என்பர்.

1982 மார்ச் மாதம், இந்த விழாவின்போதுதான் இந்து, கிறிஸ்தவ மக்களிடையே கலவரம் மூண்டது. துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் பறிபோயின. நீதிபதி வேணுகோபால் தலைமையில் விசாரணை ஆணையம் அமைக்கப்பட்டது.

அன்புச் சகோதரர்களே! தலைமுறை தலைமுறையாக அருகருகே வாழ்கிறோம். ஆயினும் அண்டை வீட்டார் நோற்கும் நோன்பின் பொருளை அவர்களிடமே கேட்டறிந்தவர் நம்மில் எத்தனை பேர்?

ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அவ்வாறு கேட்டறிந்த முஸ்லிம் அறிஞர் ஒருவர் உண்டு. அவர்தாம் அபூரைஹான் அல்பீரூனி. கி.பி. 973இல் குவாரிஸ்மில் பிறந்த அவர், 1017இல் சுல்தான் மஹ்மூத் அந்நாட்டைக் கைப்பற்றியபின் கஜ்னிக்குக் கொண்டுவரப்பட்டார். இந்தியர் சமயம் பற்றி அந்நாளில் கிடைத்த நூல்களில் பெரும்பாலானவை ஒருவர் எழுதியதை மற்றொருவர் பெயர்த்தெழுதியவையாக இருப்பதைக் கண்டார். ஆகவே சமஸ்கிருதம் கற்றார். பண்டிதர்களை அணுகிப் பாடம் கேட்டார். பதஞ்சலியின் யோக நூலை அரபியில் தந்தார். 1030ஆம் ஆண்டளவில் 80 அத்தியாயங்கள் கொண்ட ‘கிதாபுல் ஹிந்த்’ நூலை எழுதி முடித்தார்.

புனிதப் பயணம், தானம், நோன்பு, திருவிழா ஆகியவற்றுக்கு அதில் தனித்தனி அத்தியாயங்கள் உண்டு. புராணங்கள் கூறுவதை எடுத்துரைத்த அவர், மக்கள் நடைமுறையையும் விசாரித்து எழுதினார். திருவிழாக்களில் பெரும்பாலானவற்றைக் கொண்டாடுவோர் பெண்களும் சிறுவர்களுமே என்று குறித்துள்ளார். தமக்கு உடன்பாடில்லாத நம்பிக்கைகளையும் அவற்றை உடையோர் கூறும் விதமாகவே பதிவு செய்தார். தம் சுல்தானின் படையெடுப்புகள் நாட்டின் வளத்தை அழித்து, இந்து அறிஞர்களை விலகியோடச் செய்ததையும் அவர் மறைக்கவில்லை.

நூலும் வேண்டும்; நேரில் காண்பதும் வேண்டும் என்பதே அவர் தரும் படிப்பினை. கேரளக் கோயில் சடங்குகளுக்கு ஆதாரமாக விளங்குவது, 15ஆம் நூற்றாண்டில் சேன்னாஸ் நாராயணன் நம்பூதிரி இயற்றிய ‘தந்திர சமுச்சயம்’. துர்க்கை உள்ளிட்ட ஏழு தெய்வங்களுக்குரிய முறைகள் அதில் உள்ளன. எனினும் அதை மட்டும் படித்தவர், தலைநோவு தீர வேண்டி மண்டைக்காட்டில் ‘மண்டையப்பம்’ படைக்கும் தாயின் மனத்தை அறியமாட்டார். நேரில் பார்த்ததை மட்டும் கொண்டு பேசுபவரோ, அதன் பின்னுள்ள நெடிய மரபை அறியமாட்டார். இரண்டையும் விட்டுவிட்டு வதந்தியைப் பற்றிக்கொள்பவரால்தான் ஊர் எரிகிறது.

பிறர் சடங்கை அறிவது அதனை ஏற்பதாகாது. அல்பீரூனி இறுதிவரை முஸ்லிமாகவே வாழ்ந்தார். மக்களைப் பல கிளையினராக ஆக்கியது ஒருவரையொருவர் அறிந்துகொள்வதற்கே என்பது திருக்குர்ஆன் (49:13) தரும் போதனையன்றோ?

அண்டை அயலாரைப் பற்றி அறிந்து, நீதியுடன் பேசும் நன்மக்களாக அல்லாஹ் நம்மை ஆக்கியருள்வானாக! ஆமீன்.