பத்தாந்தும் லைசென்சும்

பஸ் நிலையத்திலோ மார்க்கெட்டிலோ கொம்யூன் கட்டிய கடையை எடுத்து நடத்துகிறவருக்கு இரண்டு காகிதம் வேண்டும். ஒன்று வாடகை ஒப்பந்தம், மற்றது தொழில் லைசென்ஸ். தனியார் கட்டடம் என்றால் முதலாவதைக் கட்டடக்காரர் தருவார், இரண்டாவதைக் கொம்யூன் தரும். பொதுக் கட்டடத்தில் இரண்டையும் தருவது ஒரே ஆபீஸ். வாடகைத் தகராறு வந்தால் லைசென்ஸைப் புதுப்பிக்காமல் நிறுத்தலாமா? வழக்குகளுக்கெல்லாம் வேர் இந்தக் கேள்விதான்.

பிரெஞ்சுப் பள்ளியில் படித்த எங்களுக்கு 'பத்தாந்த்' என்ற சொல் தெரியும். பிரெஞ்சுப் புரட்சியின்போது, 1791 மார்ச்சில், தொழிற்குழுக்களின் ஏகபோகத்தை ஒழித்து, யார் வேண்டுமானாலும் எந்தத் தொழிலும் செய்யலாம், பத்தாந்த் வரி கட்டினால் போதும் என்று சட்டம் போட்டார்கள். அது அனுமதி என்பதைவிட வரிச்சீட்டு. கட்டடம் யாருடையது, குத்தகை முடிந்ததா என்று அது கேட்கவில்லை. பிரான்சிலேயே 1975இல் அதை எடுத்துவிட்டு வேறு வரி கொண்டுவந்தார்கள்.

நம் பக்கத்தில் 1880இல் வந்த ஆணையால் கொம்யூன்களும் மேரிகளும் அமைந்தன. 1954 நவம்பர் 1 அன்று நிர்வாகம் இந்தியாவிடம் வந்தது. 1962 ஆகஸ்ட் 16இல் சட்டப்படியும் இணைந்தோம். பிறகு 1973இல் புதுச்சேரி நகராட்சிச் சட்டமும் கிராம, கொம்யூன் பஞ்சாயத்துச் சட்டமும் வந்தன. லைசென்ஸ் கொடுக்கும் வேலை இன்று இந்தச் சட்டங்களின் கீழ்தான் நடக்கிறது. இதில் ஒரு கூத்து உண்டு. 1968க்குப் பிறகு உள்ளாட்சித் தேர்தல் நடந்தது 2006இல்தான், முப்பத்தெட்டு வருஷம் கழித்து! இடையில் பல காலம் கட்டடச் சொந்தக்காரரும், லைசென்ஸ் அதிகாரியும், மேல்முறையீட்டைக் கேட்க வேண்டிய மன்றமும் நடைமுறையில் அதிகாரிகளே. கடைக்காரர் எங்கே போய்ச் சொல்வார்?

நீதிமன்றங்கள் சொன்னதும் ஒரே குரலில் இல்லை. 1973இல் தமிழ்நாட்டுத் திரையரங்கு ஒன்றின் வழக்கில், குத்தகை முடிந்தும் இருப்பவரை முறைப்படிதான் வெளியேற்றலாம், ஆனால் அதனாலேயே அவர் இருப்பு 'சட்டபூர்வமான அனுபவம்' ஆகிவிடாது, சினிமா லைசென்ஸுக்கு அது போதாது என்றது உச்ச நீதிமன்றம். 2016இல் திருவனந்தபுரம் மாநகராட்சி சம்பந்தப்பட்ட வழக்கில், சட்டக் காப்புள்ள வாடகைதாரர் லைசென்ஸைப் புதுப்பிக்கக் கட்டடக்காரர் சம்மதம் தேவையில்லை என்று தீர்ப்பானது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படித்தால் முரண்பாடுபோல் தோன்றும். வித்தியாசம் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் குடைக்குள் இருக்கிறாரா இல்லையா என்பதில்.

பொதுக் கடைக்காரருக்கு இடிப்பது இங்கேதான். பல மாநிலங்களில் அரசு, உள்ளாட்சிக் கட்டடங்களுக்கு அந்தக் குடையே கிடையாது. தனியார் கட்டடத்தில் இருக்கும் பக்கத்து டீக்கடைக்காரருக்கு உள்ள காப்பு, நகராட்சிக்கு வாடகை கட்டுகிறவருக்கு இல்லை.

அதற்கு ஈடாக நிற்பது 1989இல் பம்பாய்த் துறைமுக அறக்கட்டளைக்கு எதிரான துவாரகாதாஸ் மார்ஃபாட்டியா வழக்கின் தீர்ப்பு. வாடகைச் சட்டத்திலிருந்து விலக்குப் பெற்ற பொது அமைப்பு தனியார் கட்டடக்காரர்போல் மனம்போனபடி நடக்க முடியாது, நியாயமான காரணம் இருக்க வேண்டும் என்று சொன்னார்கள். சொல்லிவிட்டு, அந்த வழக்கில் வாடகைதாரருக்கு எதிராகவே தீர்ப்பளித்தார்கள். கொள்கை ஜெயித்தது, கட்சிக்காரர் தோற்றார்.

வாடகை பாக்கியை வசூலிக்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. அது ஊர்ப்பணம். நோட்டீஸ், ஏலம், வழக்கு என்று அதற்குத் தனி வழி இருக்கிறது. லைசென்ஸ் என்பது சுகாதாரம், தீ, நெரிசல் பார்ப்பதற்கு. அதை வசூல் கத்தியாக்கினால் தொழில் நின்றுபோகும், தொழில் நின்றால் வாடகையும் வராது. நான் பார்த்த ஓர் ஆபீசில் இப்படிப்பட்ட மனுவை யாரும் மறுப்பதில்லை. 'நிலுவை' என்று எழுதி அடுக்கில் வைத்துவிடுவார்கள். அதனால் பூவத்தில் யாராவது கேட்டால் நான் சொல்வது இதுதான்: மனுவைக் காலத்தில் கொடுங்கள், கட்டணம் கட்டிய ரசீதைப் பத்திரப்படுத்துங்கள், மறுப்பை எழுத்தில் கேளுங்கள். சென்னை உயர் நீதிமன்றம் வரை போக வேண்டி வந்தால், அங்கே முதலில் கேட்பது அந்தக் காகிதத்தைத்தான்.