அயோனாத் தீவின் வேதசாட்சி

ஸ்காட்லாந்தின் மேலைக் கடலில் அயோனா என்னும் சிறு தீவு உள்ளது. அயர்லாந்திலிருந்து வந்த புனித கொலம்பா 563-ஆம் ஆண்டில் அங்கே மடாலயம் ஒன்றை நிறுவினார். பிற்காலத்தில் வைக்கிங்குகள் என்னும் வடகடற் கொள்ளையர் அதனைப் பன்முறை சூறையாடினர். 806-இல் மட்டும் 68 பேர் மாண்டனர்.

இவ்வபாயத்தை நன்கறிந்தே பிளாத்மாக் என்னும் துறவி அயர்லாந்திலிருந்து அத்தீவை அடைந்தார். அரச குலத்தில் பிறந்தும் துறவறத்தை விரும்பியவர் அவர். 825-இல் கொள்ளையர் வரும் செய்தி எட்டியதும், அஞ்சுவோர் அகன்று செல்லலாம் என்று தோழர்களுக்கு விடை கொடுத்துத் தாம் அங்கேயே தங்கினார். கொலம்பாவின் திருவுடல் எச்சங்கள் அடங்கிய பேழையைத் துறவிகள் முன்னரே மண்ணில் புதைத்திருந்தனர். கொள்ளையர் நாடியது அப்பேழையின் வெள்ளியையும் பொன்னையுமே. அது புதைந்த இடம் தமக்குத் தெரியாது என்றும், தெரிந்தாலும் உரைப்பதற்கில்லை என்றும் பிளாத்மாக் மறுத்தார்; உடனே வெட்டுண்டு மாண்டார்.

இவ்வரலாற்றை நமக்கு அளித்தவர், தொலைவிலுள்ள ஜெர்மானிய நாட்டு ரைஷனௌ மடத்துத் தலைவரான வாலாஃப்ரிட் ஸ்ட்ராபோ. 849-இல் மறைந்த அவர், பிளாத்மாக்கின் புகழை இலத்தீன் மொழியில் கவிதையாக யாத்தார். அதே ஆண்டில் கொலம்பாவின் புனிதப் பொருள்கள் அயோனாவிலிருந்து அயர்லாந்து சேர்ந்தன. ஜூலை 24 பிளாத்மாக்கின் நினைவு நாளாகப் போற்றப்படுகிறது.

பேழையைத் தேடி வந்தோரின் பெயர்கள் எவையும் இன்று நிலைக்கவில்லை. அதனைக் காட்டிக்கொடுக்க மறுத்தவரின் பெயரோ, கடல் கடந்து வேற்று மொழியிலும் வாழ்கிறது.