அடகுக்குப் போன கோப்பை

இங்கிலாந்தின் வடகிழக்கில், டர்ஹாம் பகுதியில், பிஷப் ஆக்லாந்து நகரை ஒட்டி வெஸ்ட் ஆக்லாந்து என்று ஒரு சிறிய ஊர். நிலக்கரிச் சுரங்கத்தை நம்பிப் பிழைத்த ஊர். அந்த ஊர்க் கால்பந்துக் கிளப்பிடம் ஒரு வெள்ளிக் கோப்பை இருந்தது. உருகுவேயில் 1930-இல் நடந்த உலகக் கோப்பைக்கு 21 ஆண்டுகள் முன்பே, இத்தாலியின் டுரினில் வேற்று நாட்டு அணிகளோடு மோதி வென்று வந்த கோப்பை. ‘முதல் உலகக் கோப்பை எங்களுடையது’ என்று ஊர்க்காரர்கள் உரிமை கொண்டாடுகிறார்கள். அதே டுரின் நகரில் 1908-இலேயே வேறொரு பன்னாட்டுப் போட்டி நடந்திருக்கிறது என்று மறுப்பவர்களும் உண்டு. அந்த வழக்கு ஒருபுறம் இருக்கட்டும். அந்தக் கோப்பை எங்கிருந்து எங்கே போனது, ஒவ்வொரு முறையும் அதற்கு யார் விலை கொடுத்தார்கள் என்பதுதான் எனக்குப் பெரிதாகப் படுகிறது.

பயணம் தேயிலையில் தொடங்குகிறது. 1871-இல் கிளாஸ்கோவில் மளிகைக் கடை திறந்த தாமஸ் லிப்டன், 1890-இல் இலங்கை மலைநாட்டில் தோட்டங்களை வாங்கினார். அப்புத்தளைக்கு அப்பால் தம்பேதென்ன தோட்டத்தில் அவர் எழுப்பிய தொழிற்சாலை இன்றும் நிற்கிறது. பிரிட்டனின் தொழிலாளர் குடும்பங்களுக்கும் கட்டுப்படியாகும் விலையில் அவர் தேயிலையை விற்றார். அந்த விலை சாத்தியமானதற்கு மலையில் கொடுக்கப்பட்ட கூலி ஒரு முக்கியக் காரணம். கங்காணிகள் திரட்டிக் கொண்டுபோன தமிழ்க் குடும்பங்கள் லயத்து அறைகளில் நெருக்கியடித்துக் கிடந்து, விடியற்காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டுக்கு நின்று, அட்டைக்கடியோடு கொழுந்து பறித்தன. லிப்டன் உலகெங்கும் வழங்கிய பரிசுகளின் பின்னால் இந்தக் கைகள் இருக்கின்றன. கால்பந்து வரலாறு எழுதுகிறவர்கள் இதைப் பெரும்பாலும் சொல்வதில்லை. நாம் சொல்லியாக வேண்டும்.

லிப்டனுக்குப் போட்டிகள் மீது தீராத ஆசை. அமெரிக்கக் கோப்பைக்கான பாய்மரப் படகுப் பந்தயத்தில் ஐந்து முறை சவால்விட்டு ஐந்து முறையும் தோற்றவர். அர்ஜென்டினாவும் உருகுவேயும் மோதுவதற்காக 1905-இல் ஒரு கோப்பை கொடுத்தார். 1909-இல் டுரினுக்கு இன்னொன்று. இத்தாலி, ஜெர்மனி, சுவிட்சர்லாந்து அணிகள் வரத் தயாராயின. இங்கிலாந்துக் கால்பந்துச் சங்கம் (எஃப்.ஏ.) அணி அனுப்ப மறுத்துவிட்டது. அப்படியும் வெஸ்ட் ஆக்லாந்துக்கு அழைப்பு வந்தது. அமெச்சூர் அணிகள் ஆடும் நார்தர்ன் லீக்கில் அந்தப் பருவம் பட்டியலின் அடிப்பகுதியில் கிடந்த அணி அது.

உல்விச் ஆர்சனலை அழைக்க நினைத்தவர்கள், இரண்டு பெயர்களின் முதலெழுத்தும் ஒன்றாக இருந்ததால் கடிதத்தை மாற்றி அனுப்பிவிட்டார்கள் என்று ஒரு கதை பரவலாக உலவுகிறது. ஆதாரம் எதுவும் இல்லை. கேட்கச் சுவையான கதைதான். ஆனாலும் எனக்கு அதன் மேல் கோபம் உண்டு. சுரங்கத் தொழிலாளர்கள் ஓர் இடத்துக்குப் போய்ச் சேர்ந்தால் அது தவறுதலாகத்தான் நடந்திருக்க வேண்டும் என்ற நினைப்பு அதற்குள் ஒளிந்திருக்கிறது. முதல் தடவை அப்படியே தவறியதாக வைத்துக்கொண்டாலும், 1911-இல் அதே அணி அதே ஊருக்கு மறுபடி போனபோது, வருவது யாரென்று டுரினில் எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

பயணச் செலவுக்குக் கிளப்பிடம் பணமில்லை. வீட்டுச் சாமான்களை விற்றும் அடகு வைத்தும் ஆட்டக்காரர்கள் கிளம்பினார்கள் என்பது ஊர் வழக்கு. சம்பளமில்லாத விளையாட்டுக்காக, சுரங்க வேலையின் கூலியையும் விட்டுவிட்டு, ஐரோப்பாவைக் கடந்து போனார்கள். 1909 ஈஸ்டர் சமயத்தில் ஸ்டுட்கார்ட் அணியை 2–0 என வென்றார்கள். மறுநாள் இறுதி ஆட்டம். சுவிட்சர்லாந்தின் விண்டர்தூர் அணியையும் 2–0. கோப்பை ஊருக்கு வந்தது. 1911-இல் அதைக் காக்கப் போனவர்கள் ஜூரிக்கை 2–0 என முடித்துவிட்டு, இறுதியில் யுவென்டஸை 6–1 என்று வீழ்த்தினார்கள். இன்று உலகமே அறிந்த அந்த யுவென்டஸைத்தான். இரண்டு முறை தொடர்ந்து வென்றதால் கோப்பை நிரந்தரமாக அவர்களுடையது ஆனது.

வெற்றியோடு கடனும் வந்து சேர்ந்தது. இரண்டாம் பயணம் கிளப்பின் முதுகெலும்பை முறித்துவிட்டது. ஊரிலிருந்த வீட்ஷீஃப் விடுதியை நடத்திய பெண்மணியிடம் 40 பவுண்டுக்குக் கோப்பை அடகுக்குப் போனது. 1912-இல் கிளப்பே கலைந்தது. இரண்டே ஆண்டில் வெஸ்ட் ஆக்லாந்து டவுன் என்ற பெயரில் மறுபடி எழுந்தது என்றாலும், கோப்பையை மீட்க வழியில்லை. நம் வீடுகளில் அடகு வைத்த நகையைப் பற்றி ‘முழுகிப்போச்சு’ என்போமே, அந்தக் கதிதான். கிட்டத்தட்ட அரை நூற்றாண்டு அது வேறொருவர் வீட்டில் இருந்தது.

1960-இல் ஊர்மக்கள் நிதி திரட்டி 100 பவுண்டு கொடுத்து மீட்டார்கள். வென்றவர்களில் பலர் அதற்குள் போய்ச் சேர்ந்திருப்பார்கள். மீட்டது அடுத்த தலைமுறை. இந்தக் கதையில் நான் மிகவும் மதிப்பது டுரின் வெற்றிகளைக்கூட அல்ல, இந்த 100 பவுண்டைத்தான். மறு ஆண்டே அந்தக் கிளப் எஃப்.ஏ. அமெச்சூர் கோப்பை இறுதிக்காக வெம்பிளி மைதானத்தில் நின்றது. வால்தம்ஸ்டோ அவென்யூ அணியிடம் 1–2 எனத் தோற்றது. 1982-இல் டென்னிஸ் வாட்டர்மன் நடித்த தொலைக்காட்சிப் படம் பழைய கதையை நாடெங்கும் கொண்டுபோனது.

மீண்டு வந்த கோப்பை ஊரின் தொழிலாளர் மன்றத்தில் இருந்தது. 1994 ஜனவரியில் யாரோ அதைத் திருடிப் போனார்கள். இன்றுவரை கிடைக்கவில்லை. அச்சு அசலாக ஒரு நகலைச் செய்து வைத்தார்கள். 2013-இல் ஊர்ப் பொதுத்திடலில் அந்த வெற்றிக்கு ஒரு சிலை எழுந்தது. கிளப்பும் ஓயவில்லை. எஃப்.ஏ. வேஸ் என்ற போட்டியின் இறுதிக்கு 2012-இலும் 2014-இலும் மறுபடி வெம்பிளி போனது. முதல் தடவை டன்ஸ்டனிடம், அடுத்த தடவை ஷோலிங்கிடம், இரண்டிலும் தோல்வி.

தம்பேதென்னவுக்கு மேலே ‘லிப்டன் சீட்’ என்ற முகடு இருக்கிறது. லிப்டன் அமர்ந்து தன் தோட்டங்களைப் பார்த்த இடம் என்று பயணிகளுக்குக் காட்டுகிறார்கள். அங்கே நிற்கிறவர்களுக்கு இந்தக் கோப்பையின் கதையையும் சொல்ல வேண்டும். வெஸ்ட் ஆக்லாந்து சிலையின் முன் நிற்கிறவர்களுக்கு, கோப்பையை வாங்கிய பணம் எந்த மலையில் யார் பறித்த கொழுந்திலிருந்து வந்தது என்பதையும் சொல்ல வேண்டும்.