குல்ஸும் முதல் ஸுவைஸ் வரை

ஸுவைஸ் கால்வாய் என்றவுடன் ஃபிரெஞ்சுக்காரர் லெஸெப்ஸின் பெயரே முன்னிற்கும். அவருக்குப் பன்னிரண்டு நூற்றாண்டுகட்கு முன்பு, ஹிஜ்ரீ 18-ஆம் ஆண்டுப் பஞ்சத்தால் மதீனா வாடியது. கலீஃபா உமர் (ரலி) அவர்களின் ஆணைப்படி, மிஸ்ரின் ஆளுநர் அம்ரு இப்னுல் ஆஸ் (ரலி) அவர்கள், தூர்ந்து கிடந்த பழங்கால்வாயை மீண்டும் அகழ்ந்து நீல நதியைச் செங்கடலோடு இணைத்தார்கள். ஃபுஸ்தாத்தில் ஏற்றிய தானியம் குல்ஸும் துறைவழியே ஹிஜாஸ் சேர்ந்தது. இன்றைய ஸுவைஸ் நகரையொட்டி இருந்ததே குல்ஸும். செங்கடலையே ‘பஹ்ருல் குல்ஸும்’ என்பர் பழைய அரபு ஆசிரியர்கள். ‘கலீஜ் அமீருல் முஃமினீன்’ எனப்பட்ட அக்கால்வாயைப் பின்னாளில் கலீஃபா மன்ஸூர், மதீனாவில் கிளர்ந்தோருக்கு உணவு செல்லாதிருக்க அடைத்துவிட்டார். பசி தீர்க்க வெட்டியது பசியை மூட்ட மூடப்பட்டது!

1859-இல் தொடங்கி 1869 நவம்பர் 17-இல் திறக்கப்பட்ட புதிய கால்வாய், லண்டன்–பம்பாய்ப் பயணத்தில் நாலாயிரம் மைலுக்கு மேல் குறைத்தது. தொடக்க ஆண்டுகளில் அதை வெட்டியவர்கள், கட்டாய வேலைக்கு இழுத்துவரப்பட்ட மிஸ்ரின் உழவர்கள். ஆயினும் கடனில் மூழ்கிய இஸ்மாயில் பாஷா, 1875-இல் நாட்டின் பங்குகளை ஏறத்தாழ 40 லட்சம் பவுனுக்குப் பிரிட்டனிடம் விற்றார். 1882-இல் பிரிட்டிஷ் படையும் வந்திறங்கியது.

1956 ஜூலை 26-இல் ஜமால் அப்துல் நாஸர் கால்வாயை நாட்டுடைமையாக்கினார். வெட்டுகையில் 1,20,000 பேர் மாண்டதாக அன்றைய உரையில் அவர் கூறினார். அவ்வெண்ணை ஏற்காத வரலாற்றாசிரியர் உளர். கட்டாய வேலையை மறுப்பார் இலர். பங்குதாரர்களுக்கு இழப்பீடு பின்னர் வழங்கப்பட்டது.