பிளாங்க், லெஸ் (1935–2013)

அமெரிக்க ஐக்கிய நாடுகளின் ஆவணப்பட இயக்குநரும் ஒளிப்பதிவாளருமான லெஸ் பிளாங்க், தேசம் முழுவதும் பரவிவந்த வியாபார நாகரிகத்துக்கு இணங்கிவிடாமல், தத்தம் சங்கீதத்தையும் சமையலையும் பாஷையையும் போற்றி வாழ்ந்த சிறு சமூகங்களின் அன்றாட வாழ்க்கையைச் சித்திரித்தமையால் கீர்த்தி பெற்றவர்.

புளோரிடா மாநிலத்து டாம்பா நகரில் பிறந்த இவர், நியூ ஆர்லியன்ஸிலுள்ள டுலேன் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியமும் நாடகக் கலையும் பயின்று, பின்னர் தெற்குக் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் திரைப்படக் கலை கற்றார். தொழில் நிறுவனங்களுக்காகப் படமெடுத்து ஜீவனம் நடத்திவந்தவர், 1967இல் 'பிளவர் பிலிம்ஸ்' என்னும் சொந்த நிறுவனத்தைத் தொடங்கி, டெக்சாஸின் புளூஸ் பாடகர் லைட்னின் ஹாப்கின்ஸைப் பற்றி எடுத்த படத்தின் வாயிலாகத் தம் மார்க்கத்தைக் கண்டுகொண்டார்.

பதினெட்டாம் நூற்றாண்டில் பிரிட்டிஷாரால் கனடாவின் அக்கேடியாவிலிருந்து வெளியேற்றப்பட்ட பிரெஞ்சுக் குடியேறிகளின் சந்ததியாரான லூசியானாவின் கேஜன் மக்களை விவரிக்கும் 'ஸ்பெண்ட் இட் ஆல்' (1971), அதே மாநிலத்தில் பிரெஞ்சு பேசும் கறுப்பின மக்களின் சைடகோ இசையில் கிளிப்டன் ஷெனியர் பெற்ற தேர்ச்சியைக் காட்டும் 'ஹாட் பெப்பர்' (1973), டெக்சாஸ்–மெக்சிகோ எல்லைப்புறத்து உழைப்பாளிகளின் பாடல்களைத் தொகுத்தளிக்கும் 'சூலாஸ் ஃபிரோன்டேராஸ்' (1976), நியூ ஆர்லியன்ஸின் திருவிழாக்களையும், பிரேத ஊர்வலத்தில்கூட நடனம் புகும் வழக்கத்தையும் காட்டும் 'ஆல்வேஸ் ஃபார் பிளெஷர்' (1978) ஆகியன இவருடைய பிரதான படைப்புகளாகும்.

வர்ணனைக் குரலை இயன்றவரை விலக்கி, 16 மில்லிமீட்டர் காமிராவைத் தாமே ஏந்தி, மக்களோடு மக்களாகத் தங்கிப் படமெடுப்பது இவர் முறை. ஒரு ஜனசமூகத்தின் தனித்தன்மை, அது தன்னைப் பற்றிச் செய்துகொள்ளும் பிரகடனங்களைவிட, அடுப்படியிலும் ஆட்டத்திலுமே தெளிவாக வெளிப்படும் என்பது இப்படங்களின் உட்பொருள். ஆகையால், பாடகி லிடியா மெண்டோசா தம் குடும்பத்தாருடன் தமாலே என்னும் சோளமாவுப் பண்டம் செய்வதும், கேஜன் மனிதர் ஒருவர் குறடு கொண்டு தம் பல்லைத் தாமே பிடுங்கிக்கொள்வதும் இங்கே பாடலுக்குச் சமமான ஸ்தானம் பெறுகின்றன. பூண்டைப் பற்றிய 1980ஆம் ஆண்டுப் படம் திரையிடப்பட்ட சில சமயங்களில், அரங்கிலேயே பூண்டை வாட்டி, அதன் மணத்தையும் ரசிகர்கள் அநுபவிக்கச் செய்தார்.

ஜெர்மானிய இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் தமது 'ஃபிட்ஸ்கரால்டோ' படத்துக்காகப் பெரு நாட்டுக் காட்டில் கப்பலொன்றை மலைமீது இழுத்தேற்றிய சாகசத்தை விவரிக்கும் 'பர்டன் ஆஃப் ட்ரீம்ஸ்' (1982), இவர் பெயரை உலகறியச் செய்தது. அதிலும், இயக்குநரின் பிடிவாதத்தை மட்டுமன்றி, அங்கே கூலிக்கு அமர்ந்த பழங்குடி மக்கள் சமைப்பதையும் ஓய்ந்திருப்பதையும் இவரது காமிரா சிரத்தையோடு நோக்குகிறது. இப்படத்தின் தொகுப்பாளர் மோரீன் காஸ்லிங், இவருடன் பல படங்களில் பணியாற்றியவர்.

ஒரு மணி நேரத்துக்கு மேற்படாத இவருடைய படங்கள் பலவும் வர்த்தகத் திரையரங்குகளின் அளவுக்குப் பொருந்தாமையால், கல்லூரிகளிலும் காட்சிசாலைகளிலும் தாமே திரையிட்டும் பிரதிகளை விற்றும் தொழிலை நடத்தினார். அவற்றுள் 'சூலாஸ் ஃபிரோன்டேராஸ்' 1993இலும், பூண்டைப் பற்றிய படம் 2004இலும், நாட்டின் பண்பாட்டுச் செல்வமாகப் பேணத்தக்கவை என அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டன. 2007இல் எட்வர்ட் மக்டவல் பதக்கம் பெற்ற பிளாங்க், 2013 ஏப்ரல் 7ஆம் நாள் கலிபோர்னியாவின் பெர்க்கிலியில் காலமானார்.