டெல்லி கணேஷ்: 47 வருடம், 400 படங்கள்... 'கூட நிற்கிறவர்' என்ற வேலை எப்படி இருக்கும்?

'நாயகன்' படத்தில் வேலு நாயக்கருக்கு இந்தி தெரியாது. தாராவியில் வளர்ந்து, பம்பாயையே ஆட்டிவைத்த ஆளுக்கு, எதிரில் இருப்பவர் பேசுவதைத் தமிழில் சொல்ல ஒருவர் தேவைப்பட்டார். அவர் பெயர் படத்தில் 'ஐயர்'. சொந்தப் பெயர்கூட கிடையாது. நடித்தவர் டெல்லி கணேஷ்.

மும்பைக்கு வேலைக்கு வந்த புதிதில் உங்களுக்கும் இப்படி ஒரு ஐயர் இருந்திருப்பார். ஆபீஸிலோ, ரூமிலோ, 'அவன் என்ன சொல்றான்?' என்று கேட்டால் சிரிக்காமல் பதில் சொல்கிற ஓர் ஆள். அந்தப் பாத்திரம் நமக்கு நெருக்கமாகத் தெரிய அதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

2024 நவம்பர் 9 இரவு, 80 வயதில், சென்னையில் டெல்லி கணேஷ் காலமானார். மறுநாள் எல்லா செய்தியிலும் ஒரே எண்தான் திரும்பத் திரும்ப வந்தது: 400-க்கும் மேற்பட்ட படங்கள். முதல் படம் 1977, கடைசியாக நமக்குத் தெரிந்த பெரிய படம் 2024 ஜூலையில் வந்த 'இந்தியன் 2'. வகுத்துப் பார்த்தால் வருடத்துக்கு எட்டு, ஒன்பது படம். 47 வருடம் விடாமல். ஒரு ஹீரோ வருடத்துக்கு இரண்டு படம் கொடுத்தாலே 'பிஸி' என்கிறோம். ஆனால் இந்த எண்ணை மட்டும் வைத்துக்கொண்டு அவர் வேலையைப் புரிந்துகொள்ள முடியாது.

முதலில், 'டெல்லி' எங்கிருந்து வந்தது?

ஊர் வல்லநாடு. திருநெல்வேலிக்கும் தூத்துக்குடிக்கும் நடுவில் இருக்கிறது. தாராவித் தமிழ்க் குடும்பங்கள் பலவற்றின் பூர்வீகமும் அந்த வட்டாரம்தான். அங்கிருந்து சிலர் பம்பாய்க்கு ரயில் ஏறினார்கள், கணேசன் விமானப்படையில் சேர்ந்தார். 1964 முதல் 1974 வரை பத்து வருட சர்வீஸ். டெல்லியில் தக்ஷிண பாரத நாடக சபாவில் நடித்துக்கொண்டிருந்தவரை, விசுவின் மேடை நாடகத்தைப் படமாக்கிய 'பட்டினப் பிரவேசம்' மூலம் கே.பாலசந்தர் சினிமாவுக்குக் கொண்டுவந்தார். 'டெல்லி கணேஷ்' என்ற பெயரும் பாலசந்தர் வைத்ததே.

கணக்குப் பார்த்தால், கேமரா முன் நின்றபோது அவருக்கு வயது முப்பதுக்கு மேல். ஒரு வேலையை முடித்துவிட்டு இரண்டாவது வேலையாகத்தான் சினிமாவுக்கு வந்திருக்கிறார். கரியர் மாற்றலாமா என்று லிங்க்ட்-இன்னில் யோசித்துக்கொண்டிருப்பவர்கள் கவனிக்க. அவர் இறந்தபோது விமானப்படையினர் வந்து மரியாதை செய்தார்கள்.

துணை நடிகரா, குணச்சித்திர நடிகரா?

இரண்டும் ஒன்றில்லை. கோடம்பாக்கத்தில் 'துணை நடிகர்' என்றால் பெரும்பாலும் கூட்டத்தில் நிற்கிறவர். கதையில் பெயரும் வசனமும் குணமும் உள்ள பாத்திரத்தைச் செய்பவர் 'குணச்சித்திர நடிகர்'. ஹாலிவுட்டில் இந்த இரண்டாவது வகைக்குத் தனி ஆஸ்கர் 1936-ம் வருடப் படங்களிலிருந்தே உண்டு. முதலில் வாங்கியவர் வால்டர் பிரென்னன், மொத்தம் மூன்று முறை வாங்கினார். (ஆரம்ப வருடங்களில் ஹீரோவுக்கு முழுச் சிலை, இவர்களுக்கு ஒரு பலகை! சமமாகச் சிலை கொடுக்க சில வருடம் ஆனது.)

இந்தியாவின் தேசிய விருதில் அந்தப் பிரிவே 1984-ம் வருடப் படங்களுக்குத்தான் வந்தது. இது ஏதோ விருதுத் தகவல் மாதிரித் தெரியலாம். டெல்லி கணேஷுக்கு இது நேரடியாகப் பட்ட விஷயம்.

1979-ல் துரை இயக்கிய 'பசி' வந்தது. சென்னைக் குடிசைப் பகுதியில் சைக்கிள் ரிக்‌ஷா ஓட்டும் முனியாண்டி, குப்பம்மாவின் அப்பா. அவர் அதுவரை பண்ணியதிலேயே கனமான வேஷம். குப்பம்மாவாக நடித்த ஷோபாவுக்குச் சிறந்த நடிகைக்கான தேசிய விருது, படத்துக்குச் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது. அப்பாவாக நடித்தவருக்குக் கொடுக்கத் தேசிய அளவில் அப்போது பிரிவே இல்லை. மாநில அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது. பிரிவு வந்த பிறகு, 'நம்மவர்' படத்துக்காக நாகேஷ் அந்த விருதை வாங்கினார். டெல்லி கணேஷுக்குத் தேசிய விருது கடைசிவரை வரவில்லை.

ஒரே மாமா வேஷமா?

'பசி'க்குப் பிறகு நடந்ததுதான் எனக்கு உறுத்துகிறது. 'நாயகன்' ஐயர், 'மைக்கேல் மதன காமராஜன்' பாலக்காடு மணி ஐயர், 'அவ்வை சண்முகி' சேதுராம ஐயர். முனியாண்டியாக நம்ப வைத்த ஆளைத் தமிழ் சினிமா பூணூலும் விபூதியுமாகவே அதிகம் நினைவில் வைத்திருக்கிறது. நடுவில் 'அபூர்வ சகோதரர்க'ளில் பிரான்சிஸ் அன்பரசு என்ற வில்லன், 1981-ல் 'எங்கம்மா மகாராணி'யில் ஹீரோகூட. எதுவும் அந்த முத்திரையை அழிக்கவில்லை.

ஆனால் ஒன்று சொல்லணும். அந்த முத்திரைக்குள்ளேயே அவர் ஒரே ஆளைத் திரும்பத் திரும்பச் செய்யவில்லை. மணி ஐயர் பேசுவது பாலக்காட்டுத் தமிழ். வல்லநாட்டுக்காரருக்கு அது கிட்டத்தட்ட வேற்று மொழி. மாட்டுங்கா மார்க்கெட்டிலோ, செம்பூரில் மாமாக்கள் வாக்கிங் போகும் இடத்திலோ அந்த இழுவையை நீங்கள் கேட்டிருப்பீர்கள். சாம்பாரில் மீன் விழுந்த அந்தக் கல்யாண சமையல் களேபரம் இன்றுவரை மீமாக ஓடுகிறது என்றால், கிரேஸி மோகன் வசனம் பாதிக் காரணம். அதை நகைச்சுவை என்று தெரியாதவர் மாதிரிப் பேசிய நடிகர்கள் மீதிக் காரணம்.

'சிந்து பைரவி' (1985) இன்னும் நுட்பம். குடித்துவிட்டு வரும் மிருதங்க வித்வான் குருமூர்த்தி. கச்சேரிக்கு இந்த நிலையில் வரக் கூடாது என்று கறாராக விரட்டுகிறார் பாடகர் ஜே.கே.பி. பிற்பாதியில் அதே ஜே.கே.பி. குடியில் விழுகிறார். சிவகுமாரின் வீழ்ச்சி நமக்கு வலிக்கிறது என்றால், முன்னாடியே ஒருத்தர் அவமானப்பட்டு நின்றதைப் பார்த்திருக்கிறோம், அதனால்தான். கதையின் எடை குருமூர்த்தி மேலும் இருக்கிறது, போஸ்டரில் அது தெரியாது.

சம்பளம் எப்படி?

இங்கேதான் ஹாலிவுட்டோடு பெரிய வித்தியாசம். 1960-ல் அமெரிக்க நடிகர் சங்கம் வேலைநிறுத்தம் செய்தது. அப்போது தலைவர் ரொனால்ட் ரீகன், பின்னாளில் அதிபரானவர். படம் டிவியில் மறுபடி ஓடினால் நடிகர்களுக்கும் பங்கு என்ற உரிமை அதில் கிடைத்தது. 2023-ல் அவர்கள் 118 நாள் வேலைநிறுத்தம் செய்தபோது, ஓடிடி காலத்தில் அந்தப் பங்கு கரைந்துபோனதும் ஒரு முக்கியப் பிரச்னை.

நம்ம ஊரில் 2012 காப்புரிமைத் திருத்தம் பாடலாசிரியர், இசையமைப்பாளர்களுக்கு ராயல்டிக்கு வழி செய்தது. குணச்சித்திர நடிகருக்கு நடைமுறையில் பொதுவாக ஒரே சம்பளம்தான், நடித்த நாட்களுக்கு. 'மைக்கேல் மதன காமராஜன்' பண்டிகை தோறும் டிவியில் வந்தாலும், நீங்கள் லோக்கல் ட்ரெயினில் அதன் கிளிப்பைப் பார்த்துச் சிரித்தாலும், அந்தக் கணக்கு மாறாது. வருடத்துக்கு எட்டு, ஒன்பது படம் என்ற வேகத்தை இப்படியும் படிக்கலாம்: பழைய வேலை வருமானம் தராத தொழிலில், புது வேலை வந்துகொண்டே இருக்கணும். அதனால் டிவி தொடர், குறும்படம், யூடியூப் என்று எதையும் விடவில்லை. பேட்மேன் சென்னைக்காரனாக இருந்தால் எப்படி என்று ஒரு காமெடிக் குறும்படம் வந்ததே, அதில் ஆல்ஃபிரட் இவர்தான்.

அமெரிக்க விமர்சகர் ரோஜர் ஈபர்ட் ஒரு விதி வைத்திருந்தார்: ஹாரி டீன் ஸ்டான்டனோ எம்.எம்மெட் வால்ஷோ சின்ன வேஷத்தில் இருந்தால், அந்தப் படம் முழுக்க மோசமாக இருக்க முடியாது. ஸ்டான்டன் 'பாரிஸ், டெக்சஸ்' படத்தில் முக்கிய வேஷம் ஏற்றபோது 58-ஐ நெருங்கிவிட்டார். வால்ஷ் 2024 மார்ச்சில் இறந்தார், டெல்லி கணேஷ் நவம்பரில். ஈபர்ட்டின் விதியை நம்ம ஆளுக்கு அப்படியே பொருத்த முடியாது. அவர் இருந்த சுமாரான படங்கள் நிறைய. ஆனால் அவர் வரும் காட்சி மட்டும் சுமாராகப் போனது அபூர்வம்.

எங்கிருந்து பார்க்கலாம்?

முதலில் 'பசி'. அப்புறம் 'சிந்து பைரவி'. 'நாயகன்' நீங்கள் ஏற்கெனவே பத்து முறை பார்த்திருப்பீர்கள். படத்துக்குத் தூண்டுதலான வரதராஜ முதலியார், மாட்டுங்கா ஸ்டேஷன் எதிரே போட்ட கணபதி பந்தல் பற்றி வீட்டுப் பெரியவர்கள் சொல்லியும் இருக்கலாம். தாராவியைப் பெரும்பாலும் சென்னையில் செட் போட்டு எடுத்தார்கள், அதற்காகத் தோட்டா தரணிக்குத் தேசிய விருது, கமலுக்கும் பி.சி.ஸ்ரீராமுக்கும் கூட. பதினோராவது முறை பார்க்கும்போது, வேலு பேசுகிற இடங்களில் வேலுவை விட்டுவிடுங்கள். பக்கத்தில் நிற்கிற ஐயரைப் பாருங்கள். வசனம் இல்லாத நேரத்தில் அவர் என்ன செய்துகொண்டிருக்கிறார் என்று மட்டும்.