எஸ். என். லட்சுமி: மேடையிலிருந்து சின்னத்திரைக்கு

ரேணிகுண்டாவிலிருந்து கூடூர் செல்லும் இருப்புப்பாதையில், திருக்காளத்திக்குச் சற்று முன்னதாக அமைந்த ஊர் ஏர்பேடு. 1953ஆம் ஆண்டு அக்டோபர் முதல் நாள் வரையில் இப்பகுதி சென்னை இராஜ்யத்தைச் சேர்ந்திருந்தது. இன்று, 2022இல் உருவான திருப்பதி மாவட்டத்தைச் சேர்ந்தது. தமிழும் தெலுங்கும் அண்டை வீட்டார் போல் நெடுங்காலம் பழகிய நிலம் இது. 2015இல் தொடங்கப்பெற்ற இந்தியத் தொழில்நுட்பக் கழகமும் அறிவியல் கல்வி ஆராய்ச்சிக் கழகமும் ஏர்பேட்டு வட்டாரத்தில் நிலைகொண்ட பின்னர், தமிழகத்திலிருந்து வந்து குடியேறிய குடும்பங்களும் இங்கே பெருகியுள்ளன.

இத்தகைய குடும்பங்களில் வளரும் குழந்தைக்குச் சோறு 'அன்னம்' ஆகிவிடுகிறது; தண்ணீர் 'நீள்ளு' ஆகிவிடுகிறது. தமிழைப் பெற்றோரிடம் கற்கலாம். பள்ளிப் புத்தகம் கிடைத்தால் அதிலும் கற்கலாம். ஆனால் பாட்டியிடம் கற்கும் தமிழ் ஒன்று உண்டு. பாட்டியோ ஊரில் இருக்கிறாள். அந்த இடத்தை மாலை வேளைகளில் ஓரளவு நிரப்புவது தொலைக்காட்சித் தொடர் நாடகத்தில் வரும் பாட்டி. கற்றோர் பலரும் எள்ளி நகையாடும் இத்தொடர் நாடகத்திற்குக் கலைச்சிறப்பு உண்டோ இல்லையோ, அதில் பாட்டி பேசும் பேச்சுக்கு ஒரு வரலாறு உண்டு. அவ்வரலாற்றைத் தம் வாழ்நாளிலேயே நடத்திக் காட்டிய நடிகை ஒருவரைப் பற்றியே இங்குச் சொல்லப் புகுந்தேன். அவர் பெயர் எஸ். என். லட்சுமி.

தொடர் நாடகம் பிறந்தது வானொலியில்தான் என்பதை வானொலி நேயர்கள் அறிந்துகொள்வது பொருத்தம். 1930ஐ ஒட்டிய ஆண்டுகளில் அமெரிக்க வானொலி நிலையங்கள் பகற்பொழுதில் இல்லத்தரசியர்க்கென நாடகங்களைத் தொடர்ச்சியாக ஒலிபரப்பின. அவற்றுக்குப் பொருளுதவி புரிந்தோர் சோப்பு உற்பத்தியாளர்கள். ஆதலால் 'சோப் ஆப்பெரா' என்னும் கேலிப் பெயர் ஏற்பட்டது. பின்னர் அதுவே நிலைத்தது. அவற்றுள் 1933இல் தொடங்கிய 'மா பெர்க்கின்ஸ்' என்னும் நாடகத்தின் தலைவி ஒரு முதிய விதவைத் தாய். அவ்வேடத்தை ஏற்ற வர்ஜீனியா பெயின் என்பவருக்கு அப்பொழுது வயது இருபத்துமூன்று! 1960இல் நாடகம் முடியும் வரை இருபத்தேழு ஆண்டுகள் அவரே அந்தத் தாயாக இருந்தார். குரலுக்கு நரை பூசிக்கொண்டு தொடங்கியவர், உண்மையான நரை தோன்றும் வரை அதே வேடத்தில் நீடித்தார். இச்செய்தியை நேயர்கள் நினைவில் வைத்துக்கொள்ளுமாறு வேண்டுகிறேன். நம் லட்சுமி அம்மையாரின் கதையிலும் இது திரும்ப வரும்.

விருதுநகருக்கு அருகிலுள்ள சென்னல்குடியில் 1927இல் பிறந்தவர் லட்சுமி. வறுமையும் நாடக ஆசையும் சேர்ந்து அவரை இளம் பருவத்திலேயே நாடகக் குழுவுக்கு இழுத்துச் சென்றன. அக்காலத்து நாடக உலகைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் நிறுவிய சபை முதலாகப் புகழ்பெற்ற பாலர் கம்பெனிகள் பலவற்றில் பெண் வேடத்தையும் சிறுவர்களே புனைந்தார்கள். சீதையும் வள்ளியும் குரல் உடையாத பையன்கள். பெண்களே பெண் வேடம் புனையும் குழுக்கள் இருந்தன என்றாலும், அவற்றில் சேர்ந்த பெண்ணை ஊர் மதிப்புடன் நோக்கியது என்று சொல்வதற்கில்லை. அத்தகைய காலத்தில் ஒரு கிராமத்துச் சிறுமி மேடையேறத் துணிந்தாள் என்றால், அவளுக்குத் திரும்பிச் செல்லும் வழி ஏறக்குறைய அடைபட்டுவிட்டது என்றே பொருள்.

திரையில் அவர் தோன்றியது ஜெமினி நிறுவனத்தார் 1948இல் வெளியிட்ட 'சந்திரலேகா'வில். எஸ். எஸ். வாசன் அவர்களின் அந்தப் படத்தில் வரும் முரசு நடனத்தை நாடெங்கும் கண்டு வியந்தனர். இந்தியிலும் அப்படம் சென்றதால் வட நாட்டுத் தமிழரும் அதை நன்கு அறிவர். பெரிய முரசுகளின் மீது ஆடிய மகளிர் கூட்டத்தில் லட்சுமியும் ஒருவர். படத்தை எத்தனை முறை பார்த்தாலும் இன்னார் இவர் என்று நாம் சுட்டிக் காட்ட இயலாது. கூட்டத்தில் ஒருத்தியாய் நிற்பதுதான் அவருடைய திரைவாழ்வின் தொடக்கம்.

பெயர் தெரியும்படியான வேடம் அவருக்கு வாய்த்தது 'சர்வர் சுந்தர'த்தில். கே. பாலசந்தர் எழுதி மேடையில் வெற்றி கண்ட நாடகம் அது. கிருஷ்ணன்–பஞ்சு இயக்கத்தில் ஏவி.எம். நிறுவனம் 1964இல் அதைப் படமாக்கியது. உணவு விடுதியில் பரிமாறும் ஏழை இளைஞன் நகைச்சுவை நடிகனாய்ப் புகழ் எய்துகிறான். அவனை வளர்த்த தாயின் இறுதி வேளையில் அவனால் அருகில் இருக்க முடியவில்லை. மகனாக நாகேஷ், தாயாக லட்சுமி. கணக்கைப் பாருங்கள்: நாகேஷ் பிறந்தது 1933. தாய்க்கும் மகனுக்கும் இடையே ஆறே வயது! முப்பத்தேழு வயதுப் பெண் முப்பத்தொரு வயது ஆடவனுக்குத் தாயானாள்; பார்த்தவர் எவரும் ஐயுறவில்லை. அமெரிக்க வானொலியின் வர்ஜீனியா பெயினை இவ்விடத்தில் நினைக்காமலிருக்க முடியவில்லை.

ஒருமுறை தாய் வேடம் தரித்த நடிகைக்குத் தமிழ்த் திரையுலகம் இளமையைத் திருப்பித் தருவதில்லை. கதாநாயகி தன் வயதை மறைத்துக் காலம் தள்ளுவாள். மறைக்க இயலாத நாளில் ஒதுங்குவாள். குணசித்திர நடிகைக்கோ வயதுதான் முதல். அது ஆண்டுதோறும் வட்டி சேர்ந்து பெருகும். இதில் ஒரு நீதியும் உண்டு, ஓர் அநீதியும் உண்டு. வாய்ப்பு தொடர்ந்து வரும். ஆனால் சுவரொட்டியில் படம் வராது. தாயின் கண்ணீருக்காக அரங்கமே விம்மும். வெளியே வந்ததும் அந்தத் தாயின் பெயர் யாருக்கும் தெரியாது. தமிழ்த் திரைப்பட வரலாற்று நூல்களிலும் இதே குறைபாடு காணப்படுகிறது. நாயகர்களுக்கு அத்தியாயம், அவர்களுடைய தாய்மார்களுக்கு ஒரு வரி.

லட்சுமி அம்மையாரின் கலையில் சிறப்பாகப் போற்றத்தக்கது அவர் கையாண்ட பேச்சுத் தமிழ். மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட எனக்கு இது பெரிதாகத் தோன்றுவதில் வியப்பில்லை. நாள் முழுதும் எந்த வட்டாரத்துக்கும் உரியதல்லாத அலுவலகத் தமிழை எழுதிக் கொண்டிருப்பவன் நான். வாழும் தமிழோ வட்டாரந்தோறும் வேறுபடுவது. 'பாட்டி' என்ற ஒரு சொல்லையே எடுத்துக் கொள்ளுங்கள். மதுரை, விருதுநகர்ப் பக்கம் தந்தையைப் பெற்றவள் அப்பத்தா, தாயைப் பெற்றவள் அம்மாச்சி. இன்னும் தெற்கே சென்றால் ஆச்சி. ஏர்பேட்டில் தெலுங்கு பேசும் அண்டை வீட்டுக் குழந்தைக்கு அவள் அவ்வா. உறவு ஒன்றே, அழைக்கும் குரலில்தான் ஊர் இருக்கிறது.

1990இல் வெளிவந்த 'மைக்கேல் மதன காமராஜன்' என்னும் நகைச்சுவைப் படத்தை இயக்கியவர், ஏர்பேட்டுக்கு அண்டையிலுள்ள நெல்லூர் மாவட்டத்துக்காரரான சிங்கீதம் சீனிவாசராவ். அதில் ஊர்வசியின் பாட்டியாக, கண்ணில் பட்ட பொருளைக் கைக்குள் மறைக்கும் கிழவியாக, லட்சுமி நடித்தார். மலையாளச் சாயல் படிந்த பாலக்காட்டு அந்தணர் வீட்டுத் தமிழ் அப்படத்தில் அவருடைய மொழி. சென்னல்குடிப் பெண்ணின் வாய்க்கு அது பிறவியில் வந்த மொழியன்று, செவியால் கற்றது. இதற்கு நேர் மறுகோடியில் இருப்பது 2004இல் வெளிவந்த 'விருமாண்டி'. கமல்ஹாசன் இயக்கிய அப்படத்தில் பேரனுக்கு நிலத்தையும் பாசத்தையும் விட்டுச் செல்லும் பாட்டியாக வருகிறார். அது தென் மாவட்டத்து மண்ணின் மொழி, அதாவது அவர் பிறந்து கேட்ட மொழி. இவ்விரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர், ஒரே நாவில் இரண்டு தமிழ் குடியிருந்ததை உணர்வர்.

இடையில் 1992இல் 'தேவர் மகன்', 1994இல் 'மகாநதி'. பின்னதில் நாயகனுடைய மாமியார் அவர். மருமகன் சிறைப்பட்ட பின்னர், தாயற்ற பேரக் குழந்தைகள் இருவரையும் தாங்கி நிற்கும் முதியவள். அவ்வேடத்தில் அழுகை மிகக் குறைவு. மேடையில் பழகிய நடிகையர் பலர் திரையில் குரலை உயர்த்திக் கெடுத்துக் கொள்வதுண்டு. இவர் குரலைத் தாழ்த்தக் கற்றிருந்தார். எனக்குப் பிடித்த அவருடைய வேடம் இதுவே.

இந்தியத் தொலைக்காட்சியில் தொடர் நாடகம் வேரூன்றியது 1984 ஜூலையில் தூர்தர்ஷன் தொடங்கிய 'ஹம் லோக்' என்னும் இந்தித் தொடரால். ஒவ்வொரு பகுதியின் முடிவிலும் மூத்த நடிகர் அசோக் குமார் தோன்றிக் கதையின் போக்கைப் பற்றி உரையாடுவார். வடக்கே அலுவல் பார்த்த தமிழர் பலருக்கு நினைவிருக்கும். தமிழில் சன் தொலைக்காட்சி 1993 ஏப்ரலில் தொடங்கியது. 1999 இறுதியில் ராதிகா நடித்த 'சித்தி' வந்தபின் நாள்தோறும் தொடர் பார்ப்பது இல்லங்களில் வழக்கமாயிற்று.

தமிழ்த் தொடரில் அசோக் குமாருக்கு ஒப்பான வேலையைச் செய்பவள் பாட்டி. நேற்றைய பகுதியைப் பார்க்கத் தவறியவருக்கு, "அன்றைக்கே சொன்னேனே" என்று தொடங்கிப் பழங்கதையை எடுத்துரைப்பவள் அவளே. சினங்கொண்ட இரு மருமக்களுக்கு நடுவே அமர்ந்து கதையை அறுந்துபோகாமல் காப்பவளும் அவளே. நடந்து ஓட வேண்டியதில்லை. அமர்ந்தபடி பேசினாற் போதும். ஆகவே, திரைப்படத்தில் ஆண்டுக்கு ஒன்றிரண்டு நாள் வேலை பெற்ற முதிய நடிகையர்க்குச் சின்னத்திரை மாதந்தோறும் ஊதியம் தரும் இடமாயிற்று. நாடகக் கம்பெனிகள் மறைந்தபின் தமிழகத்தின் மேடைக் கலைஞர்களை ஓரளவேனும் காத்தது, நாம் ஏளனம் செய்யும் இந்தச் சோப்பு நாடகமே. நாடகப் பெருமையைப் பேசும் அன்பர்கள் இதைச் சொல்வதில்லை.

லட்சுமி அம்மையாரும் தம் கடைசிக் காலத்தில் தொடர்களில் நடித்தார். தமிழக அரசின் கலைமாமணி விருது பெற்றவர் என்னும் பெருமையை மடியில் முடிந்து வைத்துக்கொண்டு, எண்பது வயதைக் கடந்தும் முகப்பூச்சுப் பூசிப் படப்பிடிப்புக்குச் சென்றார். 2011 நவம்பரில் விஜய் தொலைக்காட்சியில் தொடங்கிய 'சரவணன் மீனாட்சி'யில் பாட்டியாக அவரைக் கண்டவர்களில் பெரும்பாலோர், முரசு நடனத்தில் ஆடிய மங்கை இவரே என்று அறிந்திருக்க மாட்டார்கள். அறுபத்துமூன்று ஆண்டு இடைவெளி அது.

2012 பிப்ரவரியில் அவர் சென்னையில் காலமானார். தொடர் அவரின்றி மேலும் ஓராண்டுக்கு மேல் ஓடியது.